ஆணி அடிக்கக் கூடாத வீடு

காலியான வீட்டைத் தனம் கூட்டிக்கொண்டிருந்தாள். குட்டியானை வண்டி முதல் நடை சாமான்களை ஏற்றிக்கொண்டு பெருங்களத்தூருக்குப் போய்விட்டது. கணவர் சவுரிமுத்துவும் மகன் பிரிட்டோவும் அதிலேயே தொற்றிக்கொண்டு போயிருந்தார்கள். இரண்டாவது நடைக்கு மிச்சம் இருந்தவை ஒரு மெத்தை, இரண்டு பிளாஸ்டிக் நாற்காலி, மொட்டைமாடிக் கறிவேப்பிலைத் தொட்டி, அப்புறம் தனம்.

காலி செய்துவிட்டுப் போகும் வீட்டை யாராவது இவ்வளவு அழுத்திக் கூட்டுவார்களா என்று கேட்டால், கீழ் வீட்டு கங்கையம்மாள் சொன்னதைத்தான் அவள் சொல்ல வேண்டியிருக்கும். வீட்டுக்காரரின் மனைவி காலையிலேயே படியேறி வந்து கறாராகச் சொல்லிவிட்டுப் போயிருந்தாள்.

"நீ கிளம்பினப்புறம் என்னால தொடப்பத்தத் தொட முடியாதுடி. ஆளு போன வூட்ட ஒடனே கூட்டக் கூடாது. அதனால நீயே கூட்டிட்டுப் போ."

"நான் போறதுக்காக நானே கூட்டலாமாக்கா?"

"அதெல்லாம் எனக்குத் தெரியாது. நான் கூட்டக் கூடாது, அவ்ளோதான்."

கட்டில் இருந்த இடத்தில் துடைப்பம் எதையோ தட்டியது. கேரம் போர்டு ஸ்ட்ரைக்கர். பிரிட்டோ எட்டாவது படிக்கும்போது தொலைந்தது. தங்கச்சி ஜீவிதாதான் ஒளித்துவைத்தாள் என்று வீடே முடிவுகட்டி, தனம் அவள் முதுகில் ஒன்று வைத்ததும் நடந்தது. தனம் அதைப் படமெடுத்து, இப்போது கூடுவாஞ்சேரியில் மருமகளாக இருக்கும் ஜீவிதாவுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினாள். உடனே குரல் பதிவு வந்தது.

"அம்மா! நான்தான் சொன்னேன்ல! அந்த அடியத் திருப்பி வாங்கிக்கோ. இல்லன்னா அதையும் பேக் பண்ணி புது வீட்டுக்கு எடுத்துட்டுப் போ."

தனம் சத்தம்போட்டுச் சிரித்தாள். காலி வீடு அந்தச் சிரிப்பை வாங்கி, இன்னும் கொஞ்சம் பெரிதாக்கித் திருப்பிக் கொடுத்தது. இத்தனை வருஷமாக இந்த ஹாலுக்கு எதிரொலி உண்டு என்பதே அவளுக்குத் தெரியாது. சாமான்கள் அடைத்து வைத்திருந்தன போலும்.

ஹால் சுவரில் கடிகாரம் மட்டும் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. கிளம்பும்வரை ஓடட்டும் என்று அவள்தான் விட்டுவைத்திருந்தாள்.

அது கல்யாணத்துக்கு வந்த கடிகாரம். தனம் அப்போது தாம்பரம் சானடோரியத்தில், மெப்ஸ் தொழிற்பேட்டைக்குள் ஒரு எக்ஸ்போர்ட் கம்பெனியில் சட்டைக்குக் காலர் தைத்துக்கொண்டிருந்தாள். அவள் வரிசையில் உட்கார்ந்த பெண்கள் சேர்ந்து வாங்கிக் கொடுத்தது. கண்ணாடியின் அடியில் சிவப்புப் பெயின்டில் 'அன்புடன் ஹேமாவதி, தபீதாள் மற்றும் தோழிகள்' என்று எழுதியிருக்கும். அந்த 'மற்றும் தோழிகள்' யார் யார் என்பது தனத்துக்கே இப்போது பாதிதான் ஞாபகம். தபீதாள் எங்கே இருக்கிறாள் என்று தெரியாது. ஹேமாவதியைப் போன வருஷம் தாம்பரம் மார்க்கெட்டில் பார்த்தபோது, இருவருமே ஒருவரை ஒருவர் அடையாளம் தெரியாமல் ஒரே கூறு மாங்காய்க்குப் பேரம் பேசி, சண்டை பிடித்த பிறகுதான் கண்டுபிடித்துக் கட்டிக்கொண்டார்கள்.

இவ்வளவு ஆசையாக வந்த கடிகாரம், கல்யாணமாகி வெகு நாள் அட்டைப்பெட்டியை விட்டு வெளியே வரவே இல்லை. கடப்பேரியில் முதல் வீடு. அங்கே வீட்டுக்கார அம்மாள், சுவரில் ஆணி அடித்தால் அன்றைக்கே காலி செய்ய வேண்டும் என்றாள். இரும்புலியூர் வீட்டிலும் அதேதான். சேலையூர் வீட்டில் ஆணிக்குத் தடை இல்லை. ஆனால் ஓதம் குடித்த சுவர் அது, ஆணியோடு ஒரு கை மண்ணும் கூடவே வந்தது. மறைமலைநகர் பக்கம் ஒரு கம்பெனியில் ஃபிட்டர் சவுரிமுத்து. நாள் பூராவும் இரும்போடு மல்லுக்கட்டுகிற மனிதருக்கு, வீட்டில் ஒரு ஆணி அடிக்க வழி கிடையாது.

அப்புறம்தான் ராஜகீழ்ப்பாக்கத்தில் இந்த மாடி வீடு பார்க்க வந்தார்கள். வீட்டுக்காரர் தசரதன் சாவியோடு முன்னால் நடந்தார். இந்த ஊரிலேயே பிறந்து, நெல் விளைந்த தன் நிலத்திலேயே மேலும் கீழுமாக வீடு கட்டி, வாடகைக்கு விட்டிருப்பவர்.

"தண்ணி எவ்ளோ வேணா புழங்கிக்கோங்க. மீனு, கறி, கருவாடு எது வேணா ஆக்கிக்கோங்க, நாங்களும் துன்றவங்கதான். ஆணி மட்டும் அடிக்கக் கூடாது."

சவுரிமுத்து குழாயைத் திறந்து பார்த்துக்கொண்டிருந்தார். தனம் ஹால் சுவரைப் பார்த்தாள். அண்ணாந்து பார்க்கிற உயரத்தில், தலை மழுங்கிய ஆணி ஒன்று, யாருக்காகவோ காத்திருப்பது போல நீட்டிக்கொண்டிருந்தது.

"இருக்குற ஆணில மாட்டலாமாண்ணா?"

தசரதன் அதை ஒரு மாதிரி முறைத்துவிட்டு, "அது இருந்து தொலையட்டும்" என்றார்.

சமையலறையைக்கூடப் பார்க்காமல் தனம் சரி என்று சொல்லிவிட்டாள். 'ஆணிக்காக வூடு புடிச்சவ' என்று சவுரிமுத்து இன்றைக்கும் சொந்தக்காரர் வீட்டு விசேஷங்களில் சொல்லிக் காட்டுவார். சமையலறையில் ஜன்னலே இல்லை என்பது குடிவந்த பிறகுதான் தெரிந்தது.

இப்போது பெருங்களத்தூரில் சொந்த ஃப்ளாட். எல்லாச் சுவரும் அவளுடையவை. அங்கேதான் சிக்கல். போன வாரம் டிரில் போடுகிறவரைக் கூட்டிவந்து நிறுத்திக்கொண்டு, "கடிகாரம் எங்கம்மா?" என்று பிரிட்டோ கேட்டான். தனம் கையைத் தூக்கினாள். இங்கே என்று சொல்லப் போனாள். இல்லை, கொஞ்சம் அந்தப் பக்கம். இல்லை, வேண்டாம். வெள்ளை வெளேர் என்று இருந்த சுவர் முன்னால் கை மேலே போவதும் கீழே வருவதுமாக நின்றாள். இதுநாள்வரை யாரோ அடித்துவிட்டுப் போன ஆணிதான் எது எங்கே என்று தீர்மானித்தது. எங்கே வேண்டுமானாலும் என்றதும் அவளுக்கு ஒரு இடமும் பிடிபடவில்லை. டிரில்காரர் டீ குடித்துவிட்டுப் போய்விட்டார். இன்றைக்கு மறுபடி வருகிறார். 'இன்னிக்காவது சொல்லிடும்மா, இல்லன்னா நான் எங்கயாவது போட்டுடுவேன்' என்று பிரிட்டோ காலையிலேயே எச்சரித்திருந்தான்.

துடைப்பத்தைச் சாத்திவிட்டு, நாற்காலியைப் போட்டு ஏறி, தனம் கடிகாரத்தை இறக்கி மெத்தை மேல் கிடத்தினாள். பின்னால் சுவரில் ஒரு வட்டம், பழைய பச்சை நிறம் மாறாமல், புதுசாக. நடுவில் அந்த ஆணி.

இந்த வீட்டில் எது அவளுடையது? மின்விசிறி அவர்களுடையது, குழாய் அவர்களுடையது. அவளுடையது எல்லாம் வண்டியில் போய்விட்டது. இதுவும் அவளுடையது இல்லைதான். ஆனால் இத்தனை வருஷம் அவள் நேரத்தைத் தாங்கியது இது. பிரிட்டோ பள்ளிக்கூட பஸ்ஸைத் தவறவிட்டது, ஜீவிதாவுக்கு வலி எடுத்த இரவு ஆட்டோவுக்காகக் காத்திருந்தது, எல்லாம் இந்த ஆணிக்குக் கீழேதான். இதையே எடுத்துக்கொண்டு போனால் என்ன? இது கையில் இருந்தால், எங்கே அடிப்பது என்பதற்கும் ஒரு தைரியம் வரும் என்று தோன்றியது.

விரலால் பிடித்து ஆட்டிப் பார்த்தாள். அசையவில்லை. சவுரிமுத்துவின் கருவிப் பை முதல் நடையிலேயே போய்விட்டது. கீழே போய்ச் சுத்தியல் கேட்க வேண்டும். இந்த வீட்டில் கேட்கக் கூடாத ஒரே பொருள்.

கீழே கங்கையம்மாள் அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டிருந்தாள். பரணில் இருக்கும் அண்டா, குண்டான் எல்லாம் கீழே இறங்கி வரிசையாக உட்கார்ந்திருந்தன. பொங்கலுக்குத் தேய்க்க எடுத்திருப்பாள் என்று தனம் நினைத்துக்கொண்டாள்.

"அக்கா, சுத்தியல் இருக்கா?"

கங்கையம்மாளின் கை நின்றது. "இன்னாடி கேக்கற? மெதுவா பேசு. உள்ள பேப்பர் படிச்சிகினு கீறாரு."

"அடிக்கறதுக்கு இல்லக்கா…"

"யாருக்கு சுத்தியலு?" என்று உள்ளேயிருந்து குரல் வந்தது.

காதுக்கு மெஷின் மாட்டச் சொல்லி டாக்டர் எழுதிக் கொடுத்த மனிதர். கறி வாங்கிவரச் சொன்னால் மூன்று தடவை கத்த வேண்டும். இந்த ஒரு வார்த்தை மட்டும் இரண்டு சுவரைத் தாண்டிப் போய்ச் சேர்ந்துவிட்டது.

மூட்டுவலியைப் பார்க்காமல் தசரதன் படியேறினார். பின்னால் தனம். அதற்கும் பின்னால் கங்கையம்மாள், முந்தானைக்குள் எதையோ மறைத்துக்கொண்டு. ஹாலுக்குள் வந்ததும் அவர் முதல் வேலையாக நாலு சுவரையும் ஒரு சுற்று பார்த்தார். புதிதாக எதுவும் இல்லை என்று தெரிந்ததும்தான் மூச்சு வாங்க நேரம் கிடைத்தது.

"எங்கம்மா அடிக்கப் போற?"

"அடிக்கலண்ணா. இந்த ஆணியப் பிடுங்கி எடுத்துட்டுப் போலாம்னு."

"பிடுங்கவா? அது அடிக்கறத வுட மோசம். இம்மாம் பெரிய காரை பேந்து வரும்."

"அடிக்கவும் கூடாது, பிடுங்கவும் கூடாதாண்ணா?"

"இருக்கறது இருக்கட்டும். வேற நல்லதா நாலு ஆணி வாங்கித் தரேன், புதுசா."

"எனக்கு இதுதாண்ணா வேணும்." அவளுக்கே ஆச்சரியமாக, குரல் கொஞ்சம் கெட்டிப்பட்டது. "இந்த வீட்ல உங்கள நான் எதுவுமே கேட்டதில்ல. சமையல்கட்டுக்கு ஜன்னல் வெச்சுக் குடுங்கன்னுகூடக் கேக்கல. இதக் குடுங்க."

தசரதன் ஆணியைப் பார்த்தார். "இந்த சனியன யாரு அடிச்சதுன்னு தெரியுமா ஒனக்கு? வேதசிரோமணின்னு ஒரு வாத்தியாரு. உங்களுக்கு முன்னாடி இருந்தவரு. படிச்சிப் படிச்சி சொல்லியும் அடிச்சிட்டாரு. அதுக்குத்தான் அவர காலி பண்ணச் சொன்னேன்."

"இந்த ஆணிக்காகவா?"

"இந்த ஆணிக்காகத்தான்."

"அந்த முட்டிக்காலு ஆணியையும் சொல்லுங்க" என்று கங்கையம்மாள் எடுத்துக் கொடுத்தாள்.

சமையலறைக் கதவுக்குப் பின்னால், முழங்கால் உயரத்தில், எதற்குமே உதவாத இடத்தில் ஒரு ஆணி இருந்தது. எதற்காக அங்கே அடித்திருப்பார்கள் என்று தனம் வீட்டில் பல நாள் ஆராய்ச்சி நடந்திருக்கிறது. பூனையைக் கட்ட என்பது பிரிட்டோவின் கட்சி. கடைசியில் குடை மாட்டினார்கள்.

"அது அவரு போற அன்னிக்கி கோவத்துல அடிச்சது. அடிச்சிட்டு, சாவியக் குடுத்துட்டு, ஸ்டைலா போனாரு மனுஷன்" என்றாள் கங்கையம்மாள்.

தனத்துக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. "அப்போ அவர் இந்த ஆணிக்காகப் போனாரு, நான் இந்த ஆணிக்காக வந்தேன்."

"ஆங், நல்லா பேசு" என்றார் தசரதன். ஆனால் அவருக்கும் உதடு துடித்தது. சட்டென்று அதை அடக்கிக்கொண்டு, "அதுக்காக? செவுரு ஒடயும்மா. வேணாம்" என்றார்.

கங்கையம்மாள் முந்தானையை விலக்கினாள். சுத்தியல். "இந்தாடி, புடுங்கிக்கோ. இடிக்கப் போற வூட்டுக்குச் செவுரு ஒடஞ்சா இன்னா, ஒடயலன்னா இன்னா?"

தசரதன் மனைவியைத் திரும்பிப் பார்த்த பார்வையில், சொல்லக் கூடாததைச் சொல்லிவிட்டாள் என்பது தெரிந்தது.

"இடிக்கப் போறீங்களா? இந்த வீட்டையா?" என்றாள் தனம்.

அவர் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். கங்கையம்மாள்தான் சொன்னாள். பக்கத்து மனையையும் சேர்த்து பில்டர் கேட்டு எத்தனையோ நாள் ஆகிறது. அடுக்குமாடி வரும், இவர்களுக்கும் பிள்ளைகளுக்கும் பங்குக்கு ஃப்ளாட் வரும். பிள்ளை சக்திவேல் தினமும் போன் செய்து நச்சரித்தான். இவர்தான் பிடிகொடுக்கவில்லை.

"மேல குடித்தனம் கீது, எப்டிப் போகச் சொல்றதுன்னே இழுத்துகினு இருந்தாரு. உங்கள காலி பண்ணச் சொல்ல வாயி வரல. நீங்களா வந்து ஃப்ளாட்டு ரெடின்னு சொன்ன அன்னிக்கிதான் போயி கையெழுத்துப் போட்டாரு. பொங்கல் முடிஞ்சி இடிக்கறாங்க."

"அதான் பரணக் காலி பண்ணி வெச்சிருக்கீங்களா? ஏன்கா சொல்லல?"

"சொன்னா நீ ஒக்காந்து அழுவன்னாரு."

தனம் அழவில்லை. அவள் ஹாலைச் சுற்றிப் பார்த்தாள். வெள்ளையடித்து, வேறு யாரோ குடிவந்து, அந்த வட்டத்தின் மேல் அவர்கள் கடிகாரத்தை மாட்டுவார்கள் என்று காலையிலிருந்து நினைத்துக்கொண்டிருந்தாள். அதில் ஒரு சின்னப் பொறாமைகூட இருந்தது. இப்போது அந்தப் பொறாமைக்கு ஆளே இல்லை. வேதசிரோமணியின் கோபம், தசரதனின் சட்டம், ஜன்னலில்லாத சமையலறை, எல்லாம் ஒரே லாரியில் ஏறி எங்கோ பள்ளத்தை நிரப்பப் போகின்றன.

"அண்ணா," என்றாள், "இடிக்கப் போற வீட்டுக்கா இப்ப மூட்டுவலியோட படியேறி வந்து காவல் காத்தீங்க?"

தசரதன் அவளைப் பார்த்தார், சுவரைப் பார்த்தார். அப்புறம் அவருடைய வயிறு குலுங்க ஆரம்பித்தது. தோள் குலுங்கியது. கண்ணில் நீர் வரச் சிரித்தார். கங்கையம்மாளும் சேர்ந்துகொண்டாள். காலி ஹால் மூன்று பேர் சிரிப்பையும் முப்பது பேர் சிரிப்பாக்கிக் காட்டியது.

"பழக்கம்மா," என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார். "இது நானே நின்னு, ஒவ்வொரு கல்லாப் பாத்துக் கட்டின வூடு. ஆணி அடிக்கற சத்தம் கேட்டா எம் முதுவுல அடிக்கற மாதிரி இருக்கும். சரி, போவட்டும். எடு. ஒண்ணு இன்னா, நீ அடிக்கணும்னாலும் அடி. எங்க வேணா அடி."

"நான் ஆணியே அடிச்சதில்லண்ணா. இத்தன வயசுல ஒண்ணுகூட."

"நான் மட்டும்?" என்றாள் கங்கையம்மாள். "சொந்த வூட்டுக்காரின்னுதான் பேரு. எங்க அம்மா போட்டோ பீரோக்குள்ளயே படுத்துகினு கீது. இரு, வரேன்."

அவள் கீழே இறங்கிப் போய், மூச்சிரைக்க ஏறி வந்தாள். கையில் ஒரு ஊறுகாய் பாட்டில். உள்ளே நிறைய ஆணி, எண்ணெய் பூசிய துணியில் சுற்றி.

"ஏது இது?" என்றார் தசரதன்.

"வூடு கட்டும்போது தச்சரு வுட்டுட்டுப் போனது. அரிசி டிரம்முக்குப் பின்னால வெச்சிருந்தேன். என்னிக்காவது ஒரு நாளு சரின்னு சொல்லுவீங்களேன்னு."

இத்தனை காலமும் தன் கூரைக்குக் கீழேயே இருந்த அந்த பாட்டிலைத் தசரதன் வாங்கி, வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். துருவே ஏறவில்லை.

தனம் ஒரு ஆணியை எடுத்துக்கொண்டு சுவர் முன்னால் நின்றாள். மறுபடியும் அதே கதை. கை மேலே போனது, கீழே வந்தது.

"எங்கக்கா அடிக்க?"

"எங்கனா அடிடி! தப்பான எடத்துல அடிச்சா இன்னா ஆயிடும்? வாத்தியாரு அடிக்கல?"

தனம் கண்ணை மூடாத குறையாக ஓங்கினாள். முதல் அடி சுவரில் விழுந்து காரை தெறித்தது. பழக்கதோஷத்தில் தசரதனைத் திரும்பிப் பார்த்தாள். அவர் முகம் சுளித்து, பிறகு கையை அசைத்து, "அடி, அடி" என்றார். இரண்டாவது அடி அவள் விரலில் விழுந்தது. மூன்றாவது அடியில் ஆணி சுவரைப் பிடித்துக்கொண்டது. அதற்குப் பிறகு அது உள்ளே போனது கைக்குத் தெரிந்தது. மெதுவாக, இடம் கொடுத்து இடம் கொடுத்து. சற்றுச் சாய்ந்துதான் நின்றது. ஆனால் நின்றது. விரலை வாயில் வைத்துக்கொண்டு தனம் அதைப் பார்த்துச் சிரித்தாள்.

"கொண்டா இப்டி" என்று கங்கையம்மாள் சுத்தியலைப் பிடுங்கிக்கொண்டாள். அவரைக்காய் நார் உரித்த கையால் மூன்றே தட்டு. அம்பு போல நேராக இறங்கியது. இன்னொன்று அடித்தாள். அதன் பக்கத்திலேயே இன்னொன்று. "கீழயும் செவுரு கீது நமக்கு. மொதல்ல எங்க அம்மாவ வெளிய எடுக்கணும்."

"போதும்டி, பில்டர் வந்து இடிக்க ஒண்ணும் மிச்சம் இருக்காது" என்றார் தசரதன்.

பிறகு அவரே எழுந்து, நாற்காலி மேல் ஏற வேண்டாம் என்று இரண்டு பெண்களும் கத்தக் கத்த ஏறி, சுத்தியலின் பின்பக்கத்தால் வேதசிரோமணியின் ஆணியைக் கவ்வி நெம்பினார். அவர் பயந்த அளவுக்குக் காரை வரவில்லை. கொஞ்சம் பச்சைத் தூள் மட்டும் உதிர்ந்தது. கோணியிருந்த ஆணியைத் தரையில் வைத்துத் தட்டி நிமிர்த்தி, சட்டையில் துடைத்து, அவள் உள்ளங்கையில் வைத்தார்.

போன் அடித்தது. பிரிட்டோ. "அம்மா, டிரில்காரர் வந்து நிக்கறாரு. எங்க போடட்டும்? சீக்கிரம் சொல்லு."

"வாசல் கதவத் தெறந்ததும் எதிர் சுவரு. நடு சென்டர்" என்றாள் தனம். யோசிக்கவே இல்லை. "ஓட்டை மட்டும் போட்டு வெக்கச் சொல்லு. ஆணி நான் கொண்டு வரேன்."

"ஆணியா? இங்க ஸ்குரூ இருக்கும்மா."

"ஸ்குரூவ உங்கப்பா வெச்சுக்கட்டும்."

கீழே குட்டியானையின் ஹாரன் கேட்டது. நேரம் என்ன என்று மூன்று பேரும் ஒரே சமயத்தில் அண்ணாந்து சுவரைப் பார்த்தார்கள். அங்கே ஒரு பச்சை வட்டமும் நடுவில் ஒரு ஓட்டையும் இருந்தன. கடிகாரம் மெத்தை மேல் மல்லாந்து படுத்து, கூரையைப் பார்த்தபடி ஓடிக்கொண்டிருந்தது. கங்கையம்மாளுக்கு மறுபடி சிரிப்பு வந்துவிட்டது.

தனம் கடிகாரத்தைப் புடவையில் சுற்றினாள். ஆணியைப் பர்ஸின் உள்ளறையில் போட்டாள். "இடிச்சுக் கட்டற வரைக்கும் நீங்க எங்கக்கா இருப்பீங்க?"

"செம்பாக்கத்துல வாடகைக்குப் பாத்துருக்கான் சக்திவேலு. இவரு பொறந்ததுலேர்ந்து மொதல் வாட்டி வாடக வூட்டுக்குப் போறாரு" என்றாள் கங்கையம்மாள். "பேங்க்ல இருந்து ரிட்டையர் ஆனவரு வூட்டுக்காரரு. புது வூடு, அப்டியே பளபளன்னு கீது. டைல்ஸ்ல சேர இழுக்கக் கூடாதாம், தூக்கித்தான் வெக்கணுமாம்."

தனம் தசரதனைப் பார்த்தாள். அவர் மூடி திறந்திருந்த ஊறுகாய் பாட்டிலை மூடிக்கொண்டிருந்தார்.

"அண்ணா," என்றாள், முகத்தை எவ்வளவு நேராக வைத்துக்கொள்ள முடியுமோ அவ்வளவு நேராக வைத்துக்கொண்டு, "அங்க ஆணி அடிக்க விடுவாங்களாண்ணா?"

"இது எங்கூட செம்பாக்கம் வருது" என்று தசரதன் பாட்டிலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார். சுத்தியலைக் கையில் எடுத்துக்கொண்டார். கங்கையம்மாள் அடித்து வைத்த ஆணிகளைப் போகிற போக்கில் ஒருமுறை விரலால் தட்டிப் பார்த்துவிட்டு, அறையை விட்டு வெளியே போய்ப் படியிறங்கினார்.